வாழாவெட்டி என்ற சொல்லும் 28 ஆண்டுத் தாமதமும்



நினைவுச் சொற்பொழிவு என்றால் மறைந்தவர்களைப் புகழ்ந்துவிட்டுக் கலைவது என்று நாம் வைத்துக்கொள்ளவில்லை. அவர்கள் தொடங்கி, முடியாமல் விட்டுப்போன வேலை ஒன்றை எடுத்துப் பேசுகிறோம். இன்று நான் எடுத்துக்கொண்டிருப்பது இந்து திருமணச் சட்டத்தின் 13ஆம் பிரிவில் வரும் ஒரு சிறு உட்பிரிவு. கணவனோ மனைவியோ மற்றவரைத் தொடர்ந்து 2 ஆண்டுகளுக்குக் குறையாமல் கைவிட்டிருந்தால், அதையே காரணமாகக் காட்டி விவாகரத்து கேட்கலாம் என்று அது சொல்கிறது. படிக்க எளிதாக இருக்கிறது. ஆனால் அண்ணல் அம்பேத்கர் நாடாளுமன்றத்தில் இதைச் சொன்னது 1948இல். இந்துப் பெண்ணின் கைக்கு இது வந்தது 1976இல். இடையில் போன 28 ஆண்டுகள் யாருடைய ஆண்டுகள், யார் அவற்றைத் தின்றார்கள் என்பதுதான் என் கேள்வி.

ஒரு சொல்லின் பாரம்

தமிழில் 'வாழாவெட்டி' என்று ஒரு சொல் இருக்கிறது. மயிலாப்பூர் குடிசைப் பகுதியிலும் கேட்கலாம், தியாகராய நகர் அடுக்குமாடியிலும் கேட்கலாம். அந்தச் சொல்லுக்கு ஆண்பால் கிடையாது. விட்டுப்போனவனுக்கு ஊரில் பெயரில்லை, விடப்பட்டவளுக்குத்தான் பெயர். அதிலும் அந்தப் பெயர் 'இவள் வாழாமல் வந்துவிட்டாள்' என்று செயலை அவள் தலையிலேயே கட்டுகிறது.

சட்டம் பயன்படுத்தும் 'கைவிடல்' என்ற சொல் இதற்கு நேர் எதிரானது. அது செயலைச் செய்தவன் பக்கம் திருப்புகிறது. ஒரு பெண் நீதிமன்றத்தில் நின்று "அவர் என்னைக் கைவிட்டார்" என்று மனு போடும்போது, ஊர் அவளுக்குக் கொடுத்த பெயரை மறுக்கிறாள். அதனால் இதை வெறும் வக்கீல் விவகாரமாக நான் பார்க்கவில்லை.

சட்டத்துக்கு முன்பே இருந்த வழி

விவாகரத்து மேல்நாட்டிலிருந்து வந்தது, இந்து மணம் பிரிக்க முடியாதது என்று பள்ளிப் பாடம் முதல் மேடைப் பேச்சு வரை சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். இது யாருடைய வரலாறு என்று கேட்க வேண்டும். உழைக்கும் சாதிகள் பலவற்றில் பஞ்சாயத்தார் முன் 'தீர்த்துவிடுதல்' உண்டு. பரிசப் பணத்தைத் திருப்பிக் கொடுப்பது, தாலியைக் கழற்றிக் கொடுப்பது, துரும்பு கொடுப்பது என்று வட்டாரத்துக்கு ஒரு வழக்கம். அதன்பின் 'அறுத்துக்கட்டுதல்', அதாவது மறுமணம். எட்கர் தர்ஸ்டன் 1909இல் ஏழு தொகுதிகளாக வெளியிட்ட தென்னிந்தியச் சாதிகள் பற்றிய நூலைப் புரட்டினால், மணமுறிவும் மறுமணமும் எத்தனை சமூகங்களில் சாதாரண நடைமுறையாக இருந்தன என்பது தெரியும்.

ஆங்கிலேயர் கால நீதிமன்றம் இதை அறியாததல்ல. சென்னை மாகாணத்தில் நீதிபதியாக இருந்த ஜே.எச். நெல்சன், உயர் நீதிமன்றம் 'இந்துச் சட்டம்' என்று சொல்லி நடத்துவது சம்ஸ்கிருத நூல்களின் சட்டம், அது இந்நாட்டுப் பெரும்பான்மை மக்களின் சட்டமல்ல என்று 1877இலேயே புத்தகம் எழுதினார். சம்மதத்தின் பேரில் மணத்தை முறிக்கும் சாதி வழக்கம் ஒழுக்கக்கேடல்ல என்று 1894இல் சென்னை உயர் நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட வழக்கும் இருக்கிறது. ஆக, பிரிக்க முடியாத மணம் என்பது சிறுபான்மையின் வழக்கம். அதைப் பெரும்பான்மையின் தர்மமாக அச்சிட்டுக் கொடுத்தார்கள்.

இதைச் சொல்லும்போது ஒரு எச்சரிக்கையும் தேவை. பழைய சாதிப் பஞ்சாயத்தைப் பொற்காலமாக்க வேண்டாம். அங்கே உட்கார்ந்தவர்கள் ஆண்கள். அபராதம் கட்டியவள் பெண். பரிசப் பணத்தைத் திருப்பிக் கொடுக்க முடியாதவளுக்கு வாசல் அடைத்தே இருந்தது. ஆனாலும் வாசல் என்று ஒன்று இருந்தது. சமூக மதிப்பு தேடி மேல்சாதிப் பழக்கங்களைப் பின்பற்றும் போக்குக்கு எம்.என். சீனிவாஸ் 'சம்ஸ்கிருதமயமாதல்' என்று பெயரிட்டார். அந்தப் போக்கில் ஒரு சாதி முதலில் கைவிடும் வழக்கங்களில் பெண்ணின் மறுமணமும் ஒன்று. 'நம்ம வீட்டுப் பொண்ணுங்க அறுத்துக்கட்ட மாட்டாங்க' என்று ஒரு குடும்பம் பெருமையாகச் சொல்லத் தொடங்கும் நாளில், அந்த வீட்டுப் பெண்ணுக்கு இருந்த ஒரே வாசலும் சாத்தப்படுகிறது.

வாசலைச் சாத்துவதில் சாதிக்கு என்ன லாபம்? 1916இல் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் வாசித்த சாதி பற்றிய கட்டுரையில் அம்பேத்கர் இதற்குப் பதில் சொல்லியிருக்கிறார். அகமணம்தான் சாதியின் உயிர். துணையில்லாமல் நிற்கும் பெண், சாதியின் கணக்கில் 'உபரி'. அவள் வெளியே மணந்தால் வேலி உடையும். அதனால்தான் உடன்கட்டை, கட்டாய விதவைக்கோலம், குழந்தை மணம் ஆகிய மூன்றும். அவர் அங்கே பேசியது கணவன் இறந்த பெண்ணைப் பற்றி. கணவன் உயிரோடு இருந்தும் தனியே நிற்பவளையும் அதே கணக்கில் வையுங்கள். கைவிடப்பட்டவளை வாழ்நாள் முழுக்க மனைவியாகவே நிறுத்திவைப்பது, விதவைக்கோலத்தின் இன்னொரு வடிவம்.

ஏழு காரணங்கள்

இந்துச் சட்டத்தைத் தொகுக்க பி.என். ராவ் தலைமையில் 1944இல் அமைந்த குழுவில் சென்னையின் வழக்கறிஞர் டி.ஆர். வெங்கடராம சாஸ்திரியும் உறுப்பினர். 1945இல் அந்தக் குழு சென்னைக்கும் வந்து சாட்சியம் கேட்டது. அக்காலச் சென்னையின் சட்ட அறிவு மயிலாப்பூர் வக்கீல் வட்டத்தில் குவிந்திருந்தது நமக்குத் தெரியும். சட்டத்தை எழுதவும் விளக்கவும் எதிர்க்கவும் அவர்களிடம் மொழி இருந்தது. அதே மயிலாப்பூர் வீடுகளில் பாத்திரம் தேய்த்த பெண்ணிடம் சட்ட மொழி இல்லை. தன் வழக்கம் மட்டும் இருந்தது.

இதற்கிடையில் சில கதவுகள் கொஞ்சம் கொஞ்சமாகத் திறந்தன. 1946இல் வந்த மத்தியச் சட்டம், கணவன் கைவிட்டால் இந்து மனைவி தனியே வாழ்ந்து ஜீவனாம்சம் கேட்கலாம் என்றது. சோறு கிடைக்கும், விடுதலை கிடைக்காது. 1947இல் பம்பாய் மாகாணம் 4 ஆண்டுக் கைவிடலை விவாகரத்துக்கே காரணமாக்கியது. சென்னை மாகாணமும் 1949இல் இருதார மணத்தைத் தடுத்து, இந்துக்களுக்கு விவாகரத்து வழிசெய்யும் சட்டத்தை இயற்றியது.

1948 ஏப்ரல் 9 அன்று, சட்ட அமைச்சராக அம்பேத்கர் இந்து சட்டத் தொகுப்பு மசோதாவைத் தெரிவுக் குழுவுக்கு அனுப்பும் தீர்மானத்தை முன்மொழிந்து பேசினார். விவாகரத்துக்கு ஏழு காரணங்களை வரிசையாகச் சொன்னார். பட்டியலில் முதலாவது கைவிடல். ஏழாவது கொடுமை. நடுவில் மதமாற்றம், வைப்புறவு, தீராத மனநோய், தொழுநோய், பால்வினை நோய். இந்தப் பட்டியலின் தலையையும் வாலையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

எதிர்த்தவர்களுக்கு அவர் சொன்ன பதில்களில் ஒன்று நமக்கு மிக முக்கியமானது. சூத்திரர் என்று நீங்கள் அழைக்கும் மக்களிடம் வழக்கப்படியான விவாகரத்து ஏற்கெனவே இருக்கிறது. அவர்களே இந்துக்களில் நூற்றுக்குத் தொண்ணூறு பேர். அப்படியென்றால் பத்துப் பேரின் வழக்கத்தைத் தொண்ணூறு பேர் மீது சுமத்தப் போகிறீர்களா என்ற பொருளில் கேட்டார். விவாகரத்து மேலிருந்து கீழே வழங்கப்படும் சீர்திருத்தம் என்ற கதையை அவர் அங்கேயே தலைகீழாக்கினார்.

மசோதாவை ஆதரித்தவர்களில் சென்னையைச் சேர்ந்த துர்காபாயும் உண்டு. அடையாறு பக்கம் போகிறவர்கள் அவர் பெயரிலான சாலையைக் கடந்துதான் போகிறீர்கள். எட்டு வயதில் மணம் செய்விக்கப்பட்டு, வளர்ந்தபின் அந்த மணத்திலிருந்து வெளியேறியவர். 1937இல் சென்னையில் ஆந்திர மகிளா சபையைத் தொடங்கியவர். இத்தகையோரின் ஆதரவு இருந்தும் மசோதா நிறைவேறவில்லை. 1951 செப்டம்பரில் அது கிடப்பில் போடப்பட்டது. அம்பேத்கர் பதவி விலகினார். விலகியதற்கு அவர் சொன்ன காரணங்களில் இதுவும் ஒன்று.

தலையும் வாலும் வெட்டப்பட்ட சட்டம்

தொகுப்பு துண்டு துண்டாக்கப்பட்டு, 1955 மே 18 அன்று இந்து திருமணச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. அதன் 13ஆம் பிரிவை 1948 பட்டியலோடு ஒப்பிட்டுப் பாருங்கள். மதமாற்றம் இருக்கிறது, மனநோய் இருக்கிறது, தொழுநோயும் பால்வினை நோயும் இருக்கின்றன. கைவிடலும் கொடுமையும் இல்லை. ஒரு பெண்ணின் அன்றாட வாழ்க்கையில் மிக அதிகமாக நேர்கிற இரண்டும் 10ஆம் பிரிவுக்கு, 'நீதிமுறைப் பிரிவு' என்ற கீழ்த்தட்டுக்கு இறக்கப்பட்டன. நீதிமுறைப் பிரிவு என்றால் தனியே வாழ அனுமதி. மணம் மட்டும் அப்படியே தொடரும்.

நடைமுறையில் இதன் பொருள் என்ன? கணவன் விட்டுப்போய் 2 ஆண்டு காத்திருக்க வேண்டும். பிறகு நீதிமுறைப் பிரிவுக்கு ஒரு வழக்கு. அந்தத் தீர்ப்பு வந்தபின் மேலும் 2 ஆண்டு சேர்ந்து வாழாமல் இருக்க வேண்டும். பிறகு விவாகரத்துக்கு இன்னொரு வழக்கு. அதுவும் முடிந்தபின் மறுமணம் செய்ய ஓராண்டு பொறுக்க வேண்டும். மாற்று வழி ஒன்று இருந்தது: 'சேர்ந்து வாழ உத்தரவிடுங்கள்' என்று 9ஆம் பிரிவில் மனு போட்டு, உத்தரவு வாங்கி, அவன் அதை 2 ஆண்டு மதிக்காமல் இருந்தால் விவாகரத்து. வேண்டாம் என்று முடிவு செய்த ஒருவனை விட்டு விலக, முதலில் அவனை 'வா' என்று அழைக்க வேண்டும்.

அதே 13ஆம் பிரிவில் இன்னும் இரண்டு காரணங்கள் இருந்தன. கணவன் துறவியானால் விவாகரத்து உண்டு. ஏழாண்டு உயிரோடிருக்கும் சேதியே இல்லாவிட்டாலும் உண்டு. காஷாயம் கட்டிப் போனவனைச் சட்டம் பார்த்தது. காணாமல் போனவனைப் பார்த்தது. அடுத்த தெருவில் குடியிருந்துகொண்டு, பிள்ளைக்குப் பால் வாங்க ஒரு ரூபாய் தராதவனைப் பார்க்கவில்லை.

இந்த 1955 சட்டமே பம்பாய், சென்னை மாகாணச் சட்டங்களை நீக்கியது. ஆகவே பம்பாய்ப் பெண்ணுக்குக் கையில் இருந்த உரிமைகூடப் பறிபோனது. மாறாக, 1954இன் சிறப்புத் திருமணச் சட்டத்தில் கைவிடல் தொடக்கம் முதலே விவாகரத்துக்கான காரணம். அங்கே காலம் 3 ஆண்டு. பதிவாளர் முன் மணந்த படித்தவர்களுக்கு அது கிடைத்தது. கோயிலிலும் வீட்டு வாசலிலும் தாலி கட்டிக்கொண்டவளுக்குக் கிடைக்கவில்லை. கிறித்தவப் பெண்ணின் நிலை இன்னும் மோசம். 1869ஆம் ஆண்டின் விவாகரத்துச் சட்டப்படி, கணவன் 2 ஆண்டு கைவிட்டது மட்டும் போதாது, அவன் பிறன்மனை உறவையும் சேர்த்து நிரூபிக்க வேண்டும். இது திருத்தப்பட்டது 2001இல். சாந்தோம் பக்கத்துத் தலித் கிறித்தவப் பெண்களுக்குத் தாமதம் 28 ஆண்டல்ல, 132 ஆண்டு.

1974இல் சட்ட ஆணையத்தின் 59ஆவது அறிக்கை திருத்தம் கேட்டது. 1976 மே மாதத் திருத்தத்தில் கைவிடலும் கொடுமையும் விவாகரத்துக்கான காரணங்களாக 13ஆம் பிரிவுக்குள் வந்தன. அம்பேத்கர் பட்டியலின் முதலாவதும் ஏழாவதும் வீடு திரும்பின. அவர் இறந்து ஏறக்குறைய 20 ஆண்டுகள் ஆகியிருந்தன.

எதை நிரூபிக்க வேண்டும்

கைவிடல் என்றால் என்ன என்பதை உச்ச நீதிமன்றம் 1956இல், பம்பாய்ச் சட்டப்படி தொடரப்பட்ட ஒரு வழக்கில் விளக்கியது. இன்றும் அதுவே அடிப்படை. பிரிந்து வாழ்வது மட்டும் கைவிடல் ஆகாது. மணவாழ்வை நிரந்தரமாக முடிக்கும் எண்ணமும் வேண்டும். விடப்பட்டவர் அதற்குச் சம்மதித்திருக்கக் கூடாது. பிரிவதற்கு நியாயமான காரணத்தையும் கொடுத்திருக்கக் கூடாது. இந்த நிலை சட்டம் சொல்லும் காலம் முழுவதும் நீடிக்க வேண்டும். நிரூபிக்கும் பொறுப்பு வழக்குப் போட்டவருடையது.

அந்த வழக்கைப் போட்டவர் கணவர் என்பதை மாணவர்கள் கவனிக்க வேண்டும். மனைவி தாய்வீட்டில் இருந்தார். 'அவள் என்னைக் கைவிட்டாள்' என்றார் கணவர். திரும்பி வர இருந்த மனைவியை அனுப்ப வேண்டாம் என்று தந்தி கொடுத்தவரும் அவரே. நீதிமன்றம் அவர் கோரிக்கையை ஏற்கவில்லை. ஆனால் அந்த உத்தி சாகவில்லை. அடித்துத் துரத்தப்பட்டுத் தாய்வீடு வந்தவளுக்கு, இரண்டாண்டு கழித்து 'நீ என்னைக் கைவிட்டாய்' என்று நோட்டீஸ் வருவது இன்றும் நடக்கிறது. வீட்டை விட்டு யார் வெளியேறினார் என்பதல்ல, யார் வெளியேற்றினார் என்பதே கேள்வி. வேண்டுமென்றே புறக்கணிப்பதும் கைவிடலில் அடங்கும் என்று சட்டத்தின் விளக்கமே சொல்கிறது. இதை நம் பெண்களிடம் கொண்டுசேர்க்க வேண்டும். வாய்தாவுக்குப் போகாமல் விட்டால் எக்ஸ்பார்ட்டியில் தீர்ப்பாகிவிடும் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

இதற்கெல்லாம் முன்னால் மணத்தையே நிரூபிக்க வேண்டியிருக்கிறது. சுயமரியாதைத் திருமணம் செல்லாது என்று 1953இல் உயர் நீதிமன்றம் சொல்லி, அண்ணா ஆட்சியின் 1967ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தம் வந்துதான் அந்த மணங்களுக்குச் சட்ட உயிர் கிடைத்தது. பழைய தீர்த்துவிடும் வழக்கத்தை இந்து திருமணச் சட்டத்தின் 29ஆம் பிரிவு இன்றும் காப்பாற்றுகிறது என்பது உண்மை. ஆனால் அந்த வழக்கத்தைத் தனியாகக் கோரி, சாட்சியோடு நிரூபிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2002இல் கூறியது. பஞ்சாயத்தில் எழுதி வாங்கிய பத்திரம் மட்டும் போதாது. அதை நம்பி மறுமணம் செய்த பெண்ணின் இரண்டாவது மணம் கேள்விக்குள்ளாகலாம். நமக்கு இருந்த வாசலைச் சட்டம் இடிக்கவில்லை. சாவியை மட்டும் எட்டாத உயரத்தில் மாட்டிவிட்டது.

வீடு இல்லாதவளின் 'பகிர்ந்து வாழும் வீடு'

இந்த வரலாற்றை இன்றைய சென்னையின் நிலத்தில் வைத்துப் பார்ப்போம். மயிலாப்பூரிலும் அடையாறிலும் கால்வாய்க் கரைகளில் வாழ்ந்தவர்கள் 2000 முதல் கண்ணகி நகருக்கும் பிறகு பெரும்பாக்கத்துக்கும் அனுப்பப்பட்டார்கள். 2022 மே மாதத்தில் ராஜா அண்ணாமலைபுரம் கோவிந்தசாமி நகர் வீடுகள் இடிக்கப்பட்டதை நாம் எல்லோரும் பார்த்தோம். குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் மனைவிக்குப் 'பகிர்ந்து வாழும் வீட்டில்' குடியிருக்கும் உரிமையைத் தருகிறது. அந்த வீட்டையே அரசு இடித்துவிட்டால் உரிமை எந்தச் சுவரில் ஒட்டிக்கொள்ளும்? வேலை நகரத்துக்குள், வீடு நகரத்துக்கு வெளியே என்று ஆனபின், வேலைக்குப் போனவன் திரும்பி வராமல் போவதும் எளிதாகிறது.

அந்தக் குடியிருப்புக்குக் கண்ணகி பெயர் வைத்தார்களே, அவளும் கணவனால் விடப்பட்டவள்தான். 1968இல் மெரினாவில் அவளுக்குச் சிலை வைத்தோம், அரசனைக் கேட்ட கேள்விக்காக. கோவலன் மாதவி வீட்டில் இருந்த காலத்துக்கு அவள் என்ன கேட்டாள் என்று நாம் பேசுவதில்லை. இன்றைய நீதிமன்றத்தில் அவள் நின்றால், 'பொறுத்திருந்தாயே, அப்படியென்றால் சம்மதம்தானே' என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்பார்.

தமிழ்நாட்டில் கணவனால் கைவிடப்பட்ட ஆதரவற்ற பெண்களுக்கான ஓய்வூதியத் திட்டம் 1986 முதல் இருக்கிறது. நல்ல திட்டம். ஆனால் 30 வயது நிரம்பியிருக்க வேண்டும். சட்டப்படி விவாகரத்தோ பிரிவுச் சான்றோ இல்லையென்றால், கைவிடப்பட்டு 5 ஆண்டாவது ஆகியிருக்க வேண்டும். விவாகரத்துக்கு 2 ஆண்டுக் கைவிடல் போதும் என்று சட்டம் சொல்லும்போது, அரிசி வாங்குவதற்கு 5 ஆண்டுக் கைவிடல் ஏன் தேவை? இருபத்திரண்டு வயதில் கைக்குழந்தையோடு நிற்பவள் எட்டு ஆண்டு எங்கே போவாள்? இதற்கு நாடாளுமன்றத் திருத்தம் தேவையில்லை. மாநில அரசின் ஓர் ஆணை போதும். நாம் இதைக் கோரிக்கையாக வைக்க வேண்டும்.

கையில் இருப்பவற்றையும் சொல்லிவிடுகிறேன். கைவிட்டாள் என்ற காரணத்தால் மனைவிக்கு எதிராக விவாகரத்து ஆனாலும், மறுமணம் செய்யாதவரை, தன்னைக் காத்துக்கொள்ள வழியில்லையென்றால், அவள் ஜீவனாம்சம் கேட்கலாம் என்று 2000இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. 1987ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆம் பிரிவுப்படி, பெண் என்பதாலேயே இலவச வக்கீல் கிடைக்கும். பட்டியல் சாதியினர் என்பதாலும் கிடைக்கும். வருமானச் சான்று தேவையில்லை. குடும்ப நீதிமன்றம் இருக்கும் உயர் நீதிமன்ற வளாகத்துக்குப் பெரும்பாக்கத்திலிருந்து பேருந்து மாறி வருகிறவளுக்கு ஒவ்வொரு வாய்தாவும் ஒரு நாள் கூலி. அந்தச் செலவை இலவச வக்கீலால் ஈடுகட்ட முடியாது. அவளோடு கூடப் போகிற ஒரு தோழர் இருந்தால் பாதி பாரம் குறையும்.

நம் வாசலில்

கடைசியாக, நமக்கு நாமே சொல்லிக்கொள்ள வேண்டியது. நம் அமைப்புகளின் அலுவலகங்களுக்கும் இந்தப் பெண்கள் வருகிறார்கள். காவல் நிலையத்துக்குப் போகப் பயந்து, 'அண்ணே, அவரைக் கூப்பிட்டுப் பேசுங்க' என்று வருகிறார்கள். பேசுகிறோம், சேர்த்து வைக்கிறோம், அதையே வெற்றியாகவும் எண்ணிக்கொள்கிறோம். மூன்றாவது முறை அவள் வரும்போது அலுத்துக்கொள்கிறோம். விட்டுப்போனவர் இயக்கத்துத் தோழர் என்றால், 'வெளியே தெரிந்தால் எதிரிக்குத்தான் லாபம்' என்று அவளையே வாய் மூடச் சொல்கிறோம். அம்பேத்கர் படத்துக்குக் கீழே உட்கார்ந்து, அவர் பட்டியலின் முதல் காரணத்தைக் கேட்க மறுப்பது எந்த வகை அரசியல்?

இனி ஒரு பெண் வந்து நின்றால், சேர்த்து வைப்பதற்கு முன் மூன்றைச் செய்வோம். அவன் விட்டுப்போன தேதியை எழுதி வைப்போம். இரண்டாண்டு என்ற கணக்கு அந்தத் தேதியிலிருந்துதான் தொடங்கும். மணத்துக்கு என்ன சான்று இருக்கிறது என்று கேட்டு, அழைப்பிதழோ புகைப்படமோ பிள்ளையின் பிறப்புச் சான்றோ, இருப்பதைப் பத்திரப்படுத்துவோம். மூன்றாவதாக, அவளுக்கு என்ன வேண்டும் என்று கேட்போம். சேர்ந்து வாழ வேண்டுமா, ஜீவனாம்சம் வேண்டுமா, விடுதலை வேண்டுமா என்பதை அவள் வாயால் சொல்லட்டும். பஞ்சாயத்தும் சாஸ்திரமும் நாடாளுமன்றமும் கேட்காமல் விட்ட கேள்வி அது. நம் அலுவலகத்திலாவது அதை முதல் கேள்வியாக வைப்போம்.

ஜெய்பீம்.